ராமமனோகர சித்ரா

கன்னட சினிமாவின் கதையைச் சொல்ல வருகிறவர்கள் பெங்களூர் காந்திநகரில் தொடங்குவார்கள். விநியோகஸ்தர்களின் அலுவலகங்கள், மாடிப்படி முழுக்க ஒட்டிய போஸ்டர்கள், மெஜஸ்டிக் பக்கத்துத் தியேட்டர்கள் எல்லாம் அங்கேதான். என்னைக் கேட்டால் இஞ்சம்பாக்கத்தில் தொடங்குவேன். மதராஸுக்குத் தெற்கே, கடலோரம். காரணம் சொல்கிறேன்.

நான் பெங்களூர்த் தமிழன். அல்சூரில் வளர்ந்தவன். கண்டோன்மென்டை இன்னும் 'தண்டு' என்றே சொல்கிற தலைமுறை. பகலில் தொழிற்சாலை வேலை, மாலையில் ஃபிலிம் சொசைட்டிகளுக்கு 16 எம்.எம். புரொஜெக்டர் ஓட்டும் வேலை. இரண்டாவது வேலைக்குக் காப்பிச் செலவுதான் கிடைக்கும், ஆனால் அதற்காகத்தான் முதல் வேலையைப் பார்த்தேன் என்று வீட்டில் சொல்வார்கள். டின் டப்பாவில் வரும் படச்சுருளைப் பிரித்து, விளிம்பில் விரலை ஓட்டி, ஓட்டை கிழிந்த இடங்களைத் தேடி டேப் ஒட்டி, பிறகுதான் புரொஜெக்டரில் ஏற்றுவோம். அப்படி என் கையில் அடிக்கடி வந்துபோன படம் 'சம்ஸ்காரா'. ஏறக்குறைய 113 நிமிடம். 16 எம்.எம்.மில் நிமிடத்துக்கு 36 அடி ஓடும், ஆக நாலாயிரம் அடிக்குச் சற்று மேல், மூன்று பெரிய ரீல். கறுப்பு வெள்ளை. தொடக்கத்தில் வரும் தயாரிப்பு நிறுவனத்தின் பெயர்: ராமமனோகர சித்ரா.

அந்தப் பெயரிலேயே பாதிக் கதை இருக்கிறது. டாக்டர் ராம் மனோகர் லோகியாவின் பெயர் அது. சோஷலிஸ்ட் தலைவர், 1967இல் காலமானவர். சாமி பெயரிலும் தாயார் பெயரிலும் கம்பெனி தொடங்குகிற தொழிலில், ஓர் அரசியல்வாதியின் பெயரை, அதுவும் ஆட்சிக்கே வராத ஓர் அரசியல்வாதியின் பெயரை, படக் கம்பெனிக்கு வைத்தவர் பட்டாபிராம ரெட்டி.

பட்டாபி கன்னடர் அல்ல. நெல்லூர்க்காரர், 1919இல் பிறந்த தெலுங்கர், வசதியான வீட்டுப் பிள்ளை. கல்கத்தாவில் படித்தார், அமெரிக்காவில் கொலம்பியா பல்கலைக்கழகம் வரை போனார். இருபது வயதில், 1939இல், 'ஃபிடேலு ராகால டஜன்' என்று பன்னிரண்டு கவிதைகள் கொண்ட சின்னப் புத்தகம் போட்டார். தெலுங்கு யாப்பையும் இலக்கணப் பண்டிதர்களையும் சீண்டிய புத்தகம். இன்றைக்கும் தெலுங்கில் நவீன கவிதை என்று பேச்செடுத்தால் அதைத் தாண்டிப் போக முடியாது. அதற்குப் பிறகு வந்தது சினிமாத் தயாரிப்பு. மதராஸில் இயக்குநர் கே.வி. ரெட்டியோடு சேர்ந்து பெரிய நடிகர்களை வைத்துத் தெலுங்குப் படங்கள். 1958இல் வந்த 'பெள்ளிநாட்டி பிரமாணாலு' தமிழிலும் 'வாழ்க்கை ஒப்பந்தம்' என்று வந்தது, நம் ஊர்ப் பெரியவர்களுக்கு ஞாபகம் இருக்கலாம். ஸ்டூடியோ, செட், நட்சத்திரம், விநியோகஸ்தர் முன்பணம் என்று வியாபார சினிமாவின் எல்லாக் கணக்கும் அவருக்கு அத்துப்படி. கணக்குத் தெரியாமல் கலைப்படம் எடுத்தவர் இல்லை. தெரிந்துகொண்டே அதை மூடி வைத்தவர்.

ஐம்பது வயதில், அதாவது மற்றவர்கள் சம்பாதித்ததைப் பத்திரப்படுத்துகிற வயதில், முதல் படத்தை இயக்கினார். தன் தாய்மொழி அல்லாத மொழியில்.

இனி இஞ்சம்பாக்கம். ஓவியர் கே.சி.எஸ். பணிக்கர் 1966இல் தன் மாணவர்களோடு சோழமண்டல ஓவியர் கிராமத்தைத் தொடங்கிய இடம் அது. அந்த மாணவர்களில் ஒருவர் எஸ்.ஜி. வாசுதேவ், மைசூர்க்காரர். மதராஸ் ஓவியக் கல்லூரியில் படித்து, சோழமண்டலத்தில் வீடு கட்டிக்கொண்டவர். அதே மதராஸில் ஆக்ஸ்போர்டு பதிப்பகத்தில் உத்தியோகம் பார்த்துக்கொண்டு, 'துக்ளக்' நாடகத்தை எழுதி முடித்துவிட்டு, மாலைகளில் 'மெட்ராஸ் பிளேயர்ஸ்' என்ற ஆங்கில நாடகக் குழுவில் நடித்துக்கொண்டிருந்தவர் கிரீஷ் கர்னாட். அந்தக் குழுவை வளர்த்தவர்களில் முக்கியமானவர் ஸ்நேகலதா, பட்டாபியின் மனைவி. இப்சன், டென்னசி வில்லியம்ஸ் என்று மேடையேற்றிய கூட்டம். இவர்கள் எல்லோரும் ஒரே வீட்டு வரவேற்பறையில் சந்தித்துக்கொண்டார்கள். அந்த அறையில் பேசப்பட்ட மொழிகளை எண்ணினால் தெலுங்கு, கன்னடம், தமிழ், ஆங்கிலம். அங்கிருந்துதான் கன்னடத்தின் முதல் 'புதிய அலை' படம் கிளம்பியது. காவிரித் தண்ணீர் நேரத்தில் இதை யாரிடமும் சொல்லிக்கொண்டு திரிய மாட்டேன், ஆனால் உண்மை இதுதான்.

அவர்கள் கையில் எடுத்த நாவல் வந்த வழியும் விசித்திரம். யு.ஆர். அனந்தமூர்த்தி இங்கிலாந்தில் பர்மிங்காமில் ஆராய்ச்சி மாணவராக இருந்தபோது, தன் வழிகாட்டியான எழுத்தாளர் மால்கம் பிராட்பரியோடு இங்மர் பெர்க்மனின் 'தி செவன்த் சீல்' பார்க்கப் போனார். ஸ்வீடிஷ் படம், சப்டைட்டிலும் கிடையாது. கொள்ளைநோய் பரவிய ஐரோப்பா, கடவுளைத் தேடும் ஒரு வீரன். புரிந்தும் புரியாமலும் அதைப் பார்த்துவிட்டு வந்தவர், மலைநாட்டின் ஓர் அக்ரஹாரத்தில் பிளேக் நுழையும் கதையை எழுதினார். 1965இல் புத்தகமாக வந்தது. பிற்பாடு அதை ஆங்கிலத்தில் மொழிபெயர்த்த ஏ.கே. ராமானுஜன், மைசூரில் பிறந்த தமிழர். சினிமாவில் கிளம்பிய பொறி நாவலாகி மறுபடி சினிமாவுக்கே வந்து சேர்ந்தது.

கதையைச் சுருக்கிச் சொல்கிறேன். துர்வாசபுரம் அக்ரஹாரத்தில் நாரணப்பா செத்துப்போகிறான். மாத்வ பிராமணனாகப் பிறந்து, மாமிசம் தின்று, மது குடித்து, சந்திரி என்ற பெண்ணோடு வாழ்ந்தவன். ஆனால் அவனை யாரும் சாதியை விட்டுத் தள்ளவில்லை. எனவே பிணத்தை எடுக்க பிராமணன்தான் வேண்டும். எடுத்தால் தீட்டு, எடுக்காவிட்டால் ஊரே சாப்பிட முடியாது. சந்திரி தன் நகைகளைக் கழற்றி வைத்ததும், 'தீட்டு, தீட்டு' என்று விலகியிருந்தவர்களே காரியம் செய்யப் போட்டி போடுகிறார்கள். சாஸ்திரம் தெரிந்த ஒரே ஆள் பிராணேசாச்சாரியார். ஏட்டிலும் விடை இல்லை, மாருதி கோயிலிலும் இல்லை. திரும்பும் வழியில் இருட்டில் சந்திரியைச் சந்திக்கிறார். அதன் பிறகு அவர் யார் என்பதுதான் மீதிக் கதை.

படப்பிடிப்பு சிருங்கேரி பக்கம், வைகுண்டபுரம் என்ற கிராமத்தில். அப்போது கன்னடப் படங்களில் பெரும்பாலானவை மதராஸ் ஸ்டூடியோக்களில்தான் தயாராயின. கிராமம் என்றால் கோடம்பாக்கத்தில் வேய்ந்த கூரை. மதராஸ்காரர்களே கேமராவைத் தூக்கிக்கொண்டு நிஜ அக்ரஹாரத்துக்குப் போனது நல்ல வேடிக்கை. கேமராவுக்கு டாம் கோவன் என்ற இளம் ஆஸ்திரேலியர். பின்னாளில் தன் நாட்டில் இயக்குநரானவர். கலை வாசுதேவ். இசை ராஜீவ் தாராநாத், அலி அக்பர் கானின் சீடர், சரோட் கலைஞர், ஆங்கிலப் பேராசிரியரும்கூட. திரைக்கதை எழுதிய கர்னாடே பிராணேசாச்சாரியார். சந்திரி ஸ்நேகலதா. பிணமாகக் கிடக்கும் நாரணப்பாவாக, பழைய நினைவுகளில் எழுந்து வந்து எல்லோரையும் கிண்டலடிப்பவனாக, எழுத்தாளர் பி. லங்கேஷ். அவரும் லோகியா சோஷலிஸ்ட்தான், அனந்தமூர்த்தியும் அப்படியே. இவர்களில் நம்மூர் சினிமாத் தொழில் தெரிந்த ஆள் பட்டாபியை விட்டால் ஒருவர்தான்: கே.வி. ரெட்டியின் உதவியாளராக இருந்து, பட்டாபிக்குத் துணையாக வந்த சிங்கீதம் சீனிவாச ராவ்.

எங்கள் ஃபிலிம் சொசைட்டியில் இரண்டாம் ரீல் முடிந்து விளக்குப் போட்டால் யாரும் எழுந்திருக்க மாட்டார்கள். ஒரே புரொஜெக்டர், ரீல் மாற்ற மூன்று நான்கு நிமிடம் ஆகும், வேறு படமானால் சிகரெட்டுக்கு வெளியே போய்விடுவார்கள். இந்தப் படத்தில் ஒரு பிணம் எடுக்கப்படாமல் உள்ளே கிடக்கிறதே, எப்படி எழுந்து போவது? கதையை நடத்துவது அந்தக் காத்திருப்புத்தான். பசியோடு திண்ணையில் உட்கார்ந்திருக்கும் ஆண்களின் முகங்களை கோவனின் கேமரா அவசரப்படாமல் பார்க்கிறது. மலைநாட்டு மழையையும் பச்சையையும் காட்டி மயக்கலாம் என்று ஓர் அயல்நாட்டுக் கேமராக்காரருக்குத் தோன்றாமல் போனதே பெரிய விஷயம். கறுப்பு வெள்ளை காப்பாற்றியது என்றும் சொல்லலாம். எனக்குப் பிடித்தது மூன்றாம் ரீல். ஊரை விட்டு ஓடும் ஆச்சாரியாரை வழியில் பிடித்துக்கொண்டு விடாமல் பேசும் புட்டன். திருவிழா, சந்தடி, வாயாடித்தனம். பி.ஆர். ஜெயராம் அந்த வேஷத்தில் வந்ததும் படம் மூச்சு விடும். பெரிய தத்துவத்தை எல்லாம் இறக்கி வைத்துவிட்டு, பேச்சுத் துணை தேடும் ஒரு சாதாரண மனிதன். கர்னாடின் நடிப்பு கொஞ்சம் விறைப்பு என்று நினைப்பவன் நான். புட்டன் பக்கத்தில் அந்த விறைப்பே பொருத்தமாகிவிடுகிறது.

தென்னிந்தியப் படங்களுக்கு அப்போது சென்சார் மதராஸில். அங்கே படத்துக்குச் சான்றிதழ் மறுத்தார்கள். சாதிக்கு எதிரான படம், சமூகத்தில் கொந்தளிப்பு வரும் என்பது காரணம். மாத்வர்கள் தரப்பிலிருந்து எதிர்ப்பும் இருந்தது. பிறகு மத்திய அரசு அந்தத் தடையை நீக்கியது. 1970க்கான தேசிய விருதுகளில் அதே படம் இந்தியாவின் சிறந்த படமானது. கன்னடத்துக்கு அதுதான் முதல் முறை. பூட்டு போட்டதும் அரசாங்கம், மாலை போட்டதும் அரசாங்கம்.

அடுத்த சில ஆண்டுகளில் வரிசையாக வந்தார்கள். கர்னாடும் பி.வி. காரந்தும் 'வம்சவிருட்சா' எடுத்தார்கள், ஜி.வி. ஐயர் 'ஹம்சகீதே' எடுத்தார். 1975இல் காரந்தின் 'சோமன துடி', 1977இல் கிரீஷ் காசரவள்ளியின் 'கடசிராத்தா' என்று மேலும் இரண்டு முறை அந்த உயர்ந்த விருது கன்னடத்துக்கு வந்தது. பத்தாண்டுக்குள் மூன்று. தமிழுக்கு முதல் முறை வந்தது 1990க்கான விருதில், சேதுமாதவனின் 'மறுபக்கம்'. இடையில் நம்மிடம் அக்ரஹாரத்தைத் தொட்ட படம் என்றால் ஜான் ஆபிரகாமின் 'அக்ரஹாரத்தில் கழுதை', 1977. வெங்கட் சாமிநாதன் திரைக்கதை எழுதினார், விருதும் கிடைத்தது, ஆனால் அதன் பின்னால் நம் ஊரில் ஒரு வரிசை வரவில்லை. ஏன் என்று தமிழ் நண்பர்களோடு பலமுறை சண்டை போட்டிருக்கிறேன். என் அபிப்பிராயம், கன்னடத்தில் எழுத்தாளர்களே படக்குழுவாக இருந்தார்கள். நம்மூரில் எழுத்தாளர்கள் சினிமாவைத் திட்டிக்கொண்டு வெளியே நின்றார்கள், இல்லாவிட்டால் வசனம் எழுத உள்ளே போனார்கள்.

சுயேச்சைப் படக்காரர் என்றதும் ஒற்றை ஆள் கேமராவோடு நடப்பதுபோல் ஒரு சித்திரம் நமக்கு. பிரான்சில் ஆன்யெஸ் வர்தாவை எடுத்துக்கொள்ளுங்கள். 1954இல் செத் என்ற மீனவ ஊரில் 'லா புவாந்த் கூர்த்' எடுத்தபோது அவர் புகைப்படக்காரர், சினிமாவில் ஆள் தெரியாது. நடிகர்களும் தொழில்நுட்பக்காரர்களும் கூலி வாங்காமல் பங்குதாரர்களாகச் சேர்ந்துகொண்டார்கள். எடிட் செய்து கொடுத்தவர் அலென் ரெனே. ஃபிரெஞ்சுப் புதிய அலையின் மற்ற எல்லோருக்கும் முன்னால் வந்த படம் அது. நம் பக்கம் மிருணாள் சென் 'புவன் ஷோம்' எடுக்க அரசின் திரைப்பட நிதிக் கழகம் கடன் கொடுத்தது. பட்டாபிக்குப் பின்னால் இருந்தது லோகியாவின் பெயரும், சொந்த வசதியும், நண்பர்களும். எல்லோரும் ஏதாவது ஒரு விதத்தில் பங்குதாரர்கள், காகிதத்தில் எழுதாவிட்டாலும். வீட்டில் சொத்து இல்லாத ஒருவனுக்கு 1969இல் இது முடிந்திருக்குமா? முடிந்திருக்காது. அதையும் சொல்லிவிட வேண்டும். கேரளத்தில் ஜான் ஆபிரகாம் எண்பதுகளில் 'ஒடேசா' என்ற கூட்டத்தோடு ஊர் ஊராக ஜனங்களிடம் காசு திரட்டி 'அம்ம அறியான்' எடுத்தார். அது வேறு வழி, கடினமான வழி.

எழுபதுகளில் பட்டாபியும் ஸ்நேகலதாவும் பெங்களூரில் இருந்தார்கள். செயின்ட் மார்க்ஸ் சாலையில் வீடு. கோஷீஸ் காப்பிக் கடை இருக்கிற அதே சாலை. மதராஸ் வரவேற்பறை இங்கே இடம் மாறியது. நாடகக்காரர்கள், ஓவியர்கள், சோஷலிஸ்டுகள் வந்துபோனார்கள். அப்படி வந்துபோனவர்களில் ஜார்ஜ் பெர்னாண்டஸும் ஒருவர். மங்களூரில் பிறந்த தொழிற்சங்கத் தலைவர், 1974 ரயில்வே வேலைநிறுத்தத்தை நடத்தியவர்.

1975 ஜூனில் நெருக்கடி நிலை வந்தது. ஜார்ஜ் தலைமறைவானார். போலீஸ் அவரைத் தேடி நாடெங்கும் அலைந்தது. 1976 மே மாதத் தொடக்கத்தில் பெங்களூரில் அவர் தம்பி லாரன்ஸைப் பிடித்துச் சித்திரவதை செய்தார்கள். மே 2ஆம் தேதி ஸ்நேகலதாவைக் கைது செய்தார்கள். ஜார்ஜ் மீது போட்ட வெடிமருந்துச் சதி வழக்கான பரோடா டைனமைட் வழக்கு என்றார்கள். இறுதியில் நீதிமன்றத்துக்குப் போன குற்றப்பத்திரிகையில் ஜார்ஜும் மற்றவர்களும் இருந்தார்கள், ஸ்நேகலதாவின் பெயர் இல்லை. ஆனாலும் விடவில்லை, மிசா என்ற உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தில் வைத்திருந்தார்கள். விசாரணையே இல்லாமல் எட்டு மாதத்துக்கு மேல்.

அவருக்குக் கடுமையான ஆஸ்துமா. அடைத்து வைத்தது சேஷாத்ரி சாலையில் இருந்த பெங்களூர் மத்திய சிறை. காந்திநகர் விநியோகஸ்தர் அலுவலகங்களிலிருந்து நடந்துபோகும் தூரம். அதே சிறையில் வாஜ்பாயி, அத்வானி, மது தண்டவதே ஆகியோரும் ஒரு கட்டத்தில் இருந்தார்கள். இரவின் அமைதியில் ஸ்நேகலதாவின் அலறல் தன் அறைவரை கேட்டதாகத் தண்டவதே பிற்பாடு எழுதினார். மூச்சுக்குத் திணறும் ஒருவரைச் சரியான சிகிச்சை இல்லாமல் தனி அறையில் பூட்டி வைப்பது என்றால் என்ன என்று விளக்க வேண்டியதில்லை. ஆனால் அவர் அங்கே நோயாளியாக மட்டும் இருக்கவில்லை. நாட்குறிப்பு எழுதினார். பெண் கைதிகளை அடிப்பதை எதிர்த்துப் போராடினார். அந்த அடி நின்றதையும் சாப்பாடு கொஞ்சம் தேறியதையும் தன்னால் செய்ய முடிந்த காரியமாக எழுதி வைத்தார். சந்திரி வேஷம் போட்டவர்தானே, பிணத்துக்குரிய மரியாதையை சாஸ்திரம் தெரிந்தவர்கள் கொடுக்காதபோது தானே ஆள் பிடித்து எரித்துவிட்டுப் போகிறவள்.

நிலைமை முற்றியபோது, 1977 ஜனவரி 15ஆம் தேதி, பரோலில் வெளியே அனுப்பினார்கள். 18ஆம் தேதி இந்திரா காந்தி தேர்தலை அறிவித்தார். 20ஆம் தேதி ஸ்நேகலதா இறந்தார். வயது நாற்பதுகளில். அவருடைய சிறை நாட்குறிப்பு அதே ஆண்டில் வெளியானது. மெலிந்த புத்தகம், ஃபிலிம் சொசைட்டிக்காரர்கள் அதைக் கை மாற்றிக் கை மாற்றிப் படித்தோம். அந்தச் சிறைதான் இப்போது ஃப்ரீடம் பார்க். தர்ணாக்களும் கண்டனக் கூட்டங்களும் அங்கேதான் நடக்கின்றன. பழைய அறைகளில் சிலவற்றை அப்படியே வைத்திருக்கிறார்கள்.

அந்த 1977இல்தான் பட்டாபியின் இரண்டாவது படம் 'சண்டமாருதா'. லங்கேஷின் 'கிராந்தி பந்து கிராந்தி' நாடகத்திலிருந்து. புரட்சி பேசும் இளைஞர்களும் அதிகாரமும் மோதும் கதை. படம் என்ற அளவில் 'சம்ஸ்காரா'வின் கட்டு அதில் இல்லை. மேடையின் சத்தம் திரையிலும் கேட்கிறது. ஆனால் அந்த வீட்டுக்கு நடந்ததைத் தெரிந்துகொண்டு பார்க்கிறவனுக்குக் குறை சொல்ல வாய் வராது. பிறகு 1984இல் 'சிருங்கார மாசா', 1993இல் 'தேவர காடு'. கடைசிப் படம் காடும் காட்டை நம்பியவர்களும் பற்றியது, சுற்றுச்சூழல் பிரிவில் தேசிய விருது கிடைத்தது. அப்போது பட்டாபிக்கு எழுபதைத் தாண்டிவிட்டது.

ஆக, இயக்கியது நான்கு படங்கள். 1970க்கும் 1993க்கும் நடுவே இருபத்துமூன்று ஆண்டு. ஒவ்வொரு படத்துக்கும் நடுவில் ஏழு முதல் ஒன்பது ஆண்டு இடைவெளி. அந்த இடைவெளிகளை அவருடைய சோம்பல் என்றோ தோல்வி என்றோ எழுதிய கட்டுரைகளை வாசித்திருக்கிறேன்; எனக்கு அதில் சம்மதமில்லை. முதல் இடைவெளியில் ஒரு நாடே சிறைக்குள் இருந்தது, அவருடைய கதாநாயகியும்தான். கூட்டாளிகளும் கலைந்துவிட்டார்கள். கர்னாட் தானே இயக்குநரானார். லங்கேஷ் 'பல்லவி' எடுத்து, பிறகு 1980இல் விளம்பரமே வாங்காத வாரப் பத்திரிகை தொடங்கினார். ராஜீவ் தாராநாத் சரோடுக்குத் திரும்பினார். ஒரு வரவேற்பறையிலிருந்து கிளம்பிய படக் கம்பெனிக்கு, அந்த அறை காலியானதும் வேறு முகவரி கிடையாது.

சிங்கீதம் மட்டும் தமிழ்ப் பக்கம் வந்தார். ராஜாஜியின் கதையை வைத்து 1974இல் 'திக்கற்ற பார்வதி' எடுத்தார், ராஜாஜி பிறந்த தொரப்பள்ளியிலேயே. எங்கள் ஊரிலிருந்து ஓசூர் தாண்டினால் வந்துவிடும். சாராயத்தில் சிதையும் ஒரு குடும்பத்தை அலங்காரமில்லாமல் காட்டிய படம். நடிகை லட்சுமியின் முகத்தை நிஜ வெயிலில் நிறுத்தியவரின் பின்னால் வைகுண்டபுரத்தைப் பார்த்தேன். பதின்மூன்று ஆண்டு கழித்து அதே ஆள் கமல்ஹாசனை வைத்து, வசனமே இல்லாத 'பேசும் படம்' எடுத்ததும் பெங்களூரில்தான், வின்ட்சர் மேனர் ஓட்டலில். அந்தப் படத்திலும் ஒரு பிணம் வருகிறது, தெருவோரப் பிச்சைக்காரனின் பிணம், யாருமே கவலைப்படாத பிணம். சிரித்துக்கொண்டே பார்க்கிற படம்தான். பட்டாபி 2006 மே மாதம் பெங்களூரில் காலமானபோது, இரங்கல் குறிப்புகளில் 'சம்ஸ்காரா' இயக்குநர் என்று எழுதினார்கள், தெலுங்குப் பத்திரிகைகளில் கவிஞர் என்று எழுதினார்கள்.